முதல் பனித்துளி என்று பொருள்

ஒரு நாட்டின் முன்னேற்றத்துக்குக் குடிமக்களின் பெயர்களுக்குப் பொருள் இருப்பது இன்றியமையாதது என்று மேலிடத்தில் யாருக்கோ ஒரு மத்தியானம் தோன்றிவிட்டது. சாப்பிட்ட கையோடு அவர் கொஞ்சம் கண்ணயர்ந்திருந்தால் நாமெல்லாம் பிழைத்திருப்போம். அவர் கடமை தவறாதவர், தூங்கவில்லை. அதன் பலனாக ‘பெயர்ப்பொருள் மற்றும் பெயர்ப்பிறப்பிட நெறிப்படுத்தும் துறை’ என்று ஒன்று உண்டாகி, அதன் வட்டார அலுவலகம் என் ஜெராக்ஸ் கடைக்கு நேர் எதிரே வந்து இறங்கியது.

நான் குறை சொல்ல மாட்டேன். என் தொழிலில் ஒரு சட்டம் நல்லதா கெட்டதா என்று பார்ப்பதில்லை. எத்தனை நகல் கேட்கிறது என்றுதான் பார்ப்போம். இந்தச் சட்டம் எடுத்ததற்கெல்லாம் நகல் கேட்டது. கிறுக்குத்தனம் கூடக் கூட என் மிஷின் சூடாகிக்கொண்டே போனது.

சட்டம் இதுதான். குழந்தைக்கு வைக்கிற பெயருக்குப் பொருள் ஒன்று இருக்க வேண்டும். அது நல்ல பொருளாக இருக்க வேண்டும். எந்த மொழியில், எந்த மக்களிடம் பிறந்த பெயர் என்று சொல்ல வேண்டும். சொல்லத் தவறினால், குழந்தையின் நலனை முன்னிட்டு, துறையே தன் இருப்பிலிருந்து ஒரு பெயரை ஒதுக்கிவிடும். இருப்பில் என்ன இருக்கும்? எவருக்கும் வேண்டாத சரக்குதான். பொறுமை என்று பொருள்படும் பெயர்கள் பல நாட்டு மொழிகளில் மூட்டை மூட்டையாகத் தேங்கிக் கிடந்தன. கீழ்ப்படிதலும் தாராளமாகக் கிடைத்தது. வெற்றி, செல்வம், அழகு மட்டும் வந்த அன்றைக்கே தீர்ந்துபோகும். அலுவலர்களின் சொந்தக்காரர்கள் வீட்டில் அப்போது ஏகப்பட்ட பிரசவம்.

வளர்ந்தவர்களின் பழைய பெயர்களையும் சட்டம் விட்டுவைக்கவில்லை. முதல் அடி பக்கத்துக் கடை டீக்காரருக்கு விழுந்தது. அவருக்கு முன்னால் பிறந்த பிள்ளைகள் தங்கவில்லை. இந்தப் பிள்ளையையாவது சாவு சீந்தாமல் போகட்டும் என்று அவர் அம்மா ‘குப்பை’ என்று பொருள்படும் பெயரை வைத்தாள். உலகத்தில் எத்தனையோ ஊர்த் தாய்மார் செய்த தந்திரம்தான். துறைக்கு அது தெரியாது. நல்ல பொருளுக்கு மாறிக்கொள்ளும்படி நோட்டீஸ் வந்தது.

“குப்பைன்னு வச்சதாலதான் சார் நான் பிழைச்சேன்” என்றார் டீக்காரர்.

“அதற்குச் சான்று உண்டா?” என்றார் துணைப் பதிவாளர்.

“நான்தான் சார் சான்று. உயிரோட நிக்கறேன்ல?”

“நீங்க நிக்கறது பிறப்புச் சான்றிதழ்ல சேரும். பேருக்குச் சான்றாகாது.”

கடைசியில் ‘மாமன்னர்களை வென்றவன்’ என்று பொருள்படும் ஒரு பாலைவன நாட்டுப் பெயர் அவருக்கு ஒதுக்கப்பட்டது. பெயருக்குத் தக்கபடி நடக்கிறாரா என்று பார்க்க ஓர் ஆய்வாளரும் வந்தார். டீ குடித்தார். “இதுவரைக்கும் யாரையாவது வென்றிருக்கீங்களா?” என்று கேட்டார்.

“துறைக்காரர் ஒருத்தர்கிட்ட டீக்குக் காசு வாங்கினா வெற்றின்னு எழுதிக்குவீங்களா?” என்றார் டீக்காரர். ஆய்வாளர் எழுதிக்கொள்ளவில்லை. காசும் கொடுக்கவில்லை.

இந்தத் துணைப் பதிவாளரைப் பற்றிச் சொல்ல வேண்டும். வட்டாரத்தில் அவருக்கு ‘வேர்ச்சொல்’ என்று பெயர். யார் எந்தப் பெயரைச் சொன்னாலும் கண்ணை மூடிக்கொண்டு, மிட்டாயை நாக்கில் புரட்டுவது மாதிரி அதைப் புரட்டிப் பார்ப்பார். பிறகு வேர் எங்கே இருக்கிறது என்று சொல்வார். வேர் எப்போதும் வெளிநாட்டில்தான் இருக்கும். உள்ளூரில் வேர் விட்ட பெயர் எதையும் அவர் ஆயுளில் கண்டதில்லை.

அலுவலகம் வந்தால் அதன் நிழலில் கடை வரும். ஒரு அம்மாள் ‘பெயர் ஸ்டூடியோ’ திறந்தாள். கண்ணாடிக் கதவு, உள்ளே ஏசி, சோபா. ‘உங்கள் செல்வத்துக்கு உலகின் அரிய பெயர்’ என்று போர்டு. கர்ப்பிணிகள் துணிக்கடையில் புடவை பார்ப்பது மாதிரி பெயர் பார்த்தார்கள். “இதுல கொஞ்சம் வடக்குப் பக்கமா வேற இருக்கா?” என்று விரித்துப் போடச் சொன்னார்கள். எங்கள் தெருவில் ‘சிகரத்தில் அமரும் கழுகு’ ஒன்றும், ‘ஓநாய்களின் தோழன்’ இரண்டும் பிறந்தன. வீட்டுக்குள்ளே கழுகைக் குண்டு என்றும், ஓநாய்த் தோழர்களைப் பட்டு, சுட்டி என்றும் கூப்பிட்டார்கள். முழுப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டு முடிப்பதற்குள் பிள்ளை தெருமுனைக்குப் போய்விடுகிறதே, என்ன செய்வது?

இப்படி ஊரார் வீட்டு வேடிக்கையாகப் போய்க்கொண்டிருந்தது, சின்னக்காவுக்குப் பெண் பிறந்தபோது எங்கள் வீட்டுக்குள் வந்தது.

நாங்கள் மூன்று பேர். பெரியக்கா, சின்னக்கா, நான். அம்மா சீக்கிரமே போய்விட்டாள். அப்பா தையல்காரர்; கால் மிஷினை மிதிக்கும், மனசு எங்கேயோ இருக்கும். எங்களை வளர்த்தது பெரியக்காதான். சலவைக்கடையில் நாளெல்லாம் நின்று துணி தேய்த்து, எங்கள் இரண்டு பேரையும் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பினாள். சின்னக்கா பிள்ளையாண்டிருக்கும்போது பெரியக்கா நெஞ்சு நோயில் விழுந்தாள். குழந்தை முகத்தைப் பார்க்காமலே போய்விட்டாள். எனக்கு அது இன்னும் ஆறவில்லை.

அவள் பெயர் ஒரு விநோதமான பெயர். முதல் குழந்தையைக் கையில் வாங்கினதும், சந்தோஷத்தில் அப்பா வாயிலிருந்து ஏதோ ஒரு சத்தம் வந்ததாம். மூன்றெழுத்து. அதையே பெயராக வைத்துவிட்டார். அதற்கு எந்த மொழியிலும் பொருள் கிடையாது. அந்தச் சத்தத்தைக் கேட்டால் எங்கள் வீட்டில் சோறு தயார் என்று பொருள், சண்டை நின்றுவிடும் என்று பொருள், பயப்படாதே என்று பொருள். துறை இந்த மாதிரிப் பொருளைக் கணக்கில் எடுப்பதில்லை.

அந்தப் பெயரை நான் இங்கே எழுதப் போவதில்லை. வீம்புக்காக இல்லை, எழுதினால் குற்றம். எப்படிக் குற்றமானது என்பதைத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

“பொண்ணா பிறந்தா அக்கா பேருதான்” என்று சின்னக்கா முன்பே முடிவு செய்திருந்தாள். “அந்தப் பேரை இந்த வீட்டுல மறுபடி யாராவது சத்தமா கூப்பிடணும்டா. எனக்கு வேற ஒண்ணும் வேணாம்.”

கைக்குழந்தையோடு அலுவலகத்துக்குப் போனாள். நகல் கட்டைத் தூக்கிக்கொண்டு நானும் போனேன். பெயரைக் கேட்டதும் வேர்ச்சொல் சார் கண்ணை மூடினார். வெகுநேரம் புரட்டினார். வேர் அகப்படவில்லை. கண்ணைத் திறந்தபோது முகம் வெளுத்திருந்தது.

“இதுக்கு என்னம்மா பொருள்?”

“எங்க அக்கா சார்.”

“அக்கா உறவு. நான் பொருள் கேட்டேன்.”

“அந்தப் பேரைச் சொன்னா எங்க அக்கான்னுதான் சார் அர்த்தம்.”

“உங்களுக்கு. அரசாங்கத்துக்கு?”

சின்னக்கா முழித்தாள். “அரசாங்கம் எங்க அக்காவைக் கூப்பிட்டதே இல்லையே சார்.”

“சரி, அவங்க பேருக்குப் பொருள் என்னன்னு அவங்களையே கேட்டுச் சொல்லுங்க.”

“இறந்துட்டாங்க சார்.”

“பொருள் தெரியாமலேயா?” என்றார். அவர் குரலில் உண்மையான அதிர்ச்சி இருந்தது. பொருளில்லாத பெயரோடு ஒரு குடிமகள் முழு ஆயுளையும் வாழ்ந்து முடித்திருப்பது துறையின் கண்காணிப்பில் நேர்ந்த பெருங்குறை அல்லவா? உடனே கோப்பு திறக்கப்பட்டது. பெரியக்கா நேரில் ஆஜராகி விளக்கம் அளிக்க வேண்டும் என்று நோட்டீஸ் எங்கள் வீட்டுக்கே வந்தது. அவள் ஆஜராகவில்லை. இரண்டாவது நோட்டீசும் வந்தது. அதற்கும் அவள் அசையவில்லை. ‘ஒத்துழைக்க மறுக்கும் மனுதாரர்’ என்று எழுதிவிட்டார்கள். வாழ்நாளில் ஒருத்தரை எதிர்த்துப் பேசாதவள் செத்த பிறகு அரசாங்கத்தையே எதிர்த்தாள். அதில் மட்டும் எனக்குக் கொஞ்சம் பெருமை.

“குழந்தைக்கு இருப்பிலிருந்து ஒதுக்கிடலாமா?” என்று வேர்ச்சொல் சார் பரிவோடு கேட்டார். “பொறுமைன்னு அருமையா ஒண்ணு இருக்கு. தீவு நாட்டுப் பேரு. கடைசித் தவணை நெருங்குது, யோசிச்சுக்குங்க.”

சின்னக்கா வீட்டுக்கு வந்து வாய்விட்டு அழுதாள். குழந்தையும் சேர்ந்து அழுதது. இந்த அழுகையைப் பார்த்துத்தான் அத்தான் கிளம்பினார்.

அத்தான் டிரைவிங் ஸ்கூல் வாத்தியார். கார் ஓட்டத் தெரியாதவர்கள் பக்கத்திலேயே உட்கார்ந்து காலம் தள்ளுகிறவர். அதனால் எந்நேரமும் ஏதோ ஒன்று வந்து மோதப் போகிறது என்று வலது காலை அழுத்திக்கொண்டே இருப்பார். அன்றைக்கு வேர்ச்சொல் சார் முன்னால் உட்கார்ந்து தரையை அழுத்திக்கொண்டே சொன்னார்.

“சார், வீட்டுல விவரம் தெரியாம பேசிட்டாங்க. அது பனிமலைக்காரங்க பேரு.”

“எந்தப் பனிமலை?”

“அந்தப் பக்கம் சார்.” கையை ஜன்னலுக்கு வெளியே நீட்டினார். அந்தப் பக்கம் இருந்தது என் கடை. “மலை உச்சியில விடியக்காலைல விழற முதல் பனித்துளி. அதுதான் அர்த்தம்.”

வேர்ச்சொல் சார் கண்ணை மூடினார். இந்த முறை நொடியில் வேர் அகப்பட்டுவிட்டது. முகத்தில் வெளிச்சம் வந்தது.

“ஆகா! முதல்லயே சொல்லக் கூடாதா? நாக்குல வச்சதுமே சில்லுன்னு இருந்துது. அந்த மொழியை எத்தனை பேர் பேசறாங்க?”

“ரொம்பக் கம்மி சார்.”

“கம்மியா! அப்ப அரிய மொழி. அரிய மொழிக்கு முன்னுரிமை உண்டு.”

“அகராதி கேட்பீங்களா சார்?”

“இனிமே நாங்கதான் போடணும்” என்று முத்திரையைக் குத்தினார். பனிமலை மொழியின் முதல் சான்றிதழ், வரிசை எண் ஒன்று, எங்கள் வீட்டுக் குழந்தைக்குக் கிடைத்தது. அன்று மாலை சின்னக்கா வாசலில் நின்று பெரியக்காவின் பெயரைச் சொல்லி உரக்கக் கூப்பிட்டாள். தொட்டிலில் கிடந்தது சிரித்தது. நான் கடையை அடைக்காமல் உட்கார்ந்து கண்ணைத் துடைத்துக்கொண்டேன்.

கெட்டிக்காரன் புளுகு எட்டு நாளைக்கு என்பார்கள். முத்திரை குத்தின புளுகுக்கு அந்தக் கணக்கு கிடையாது.

அலுவலக வாசலில் ஒட்டியிருந்த ‘புதிதாகக் கண்டறியப்பட்ட பெயர்கள்’ அறிவிப்பை ஸ்டூடியோ அம்மாள் பார்த்தாள். மறுநாளே தன் கண்ணாடிக் கதவில் பெரிய எழுத்தில் போட்டாள். பொருளும் கொஞ்சம் சதை போட்டிருந்தது: ‘ஏழு மலைகளின் மேல் நிலா உருகி விழும் முதல் பனித்துளி.’ தனியாக ஒரு கையேடும் வந்தது. என் கடையில்தான் நகல். அதன்படி இதே பெயர் ஒரு பாலைவன மொழியில் ‘வழி மறக்காத ஒட்டகம்’, ஒரு தீவு மொழியில் ‘கரையை மன்னிக்கும் அலை’, ஒரு பழைய சாம்ராஜ்யத்தில் இளவரசிகளுக்கு மட்டுமே உரியது. எந்த நாட்டுக்குப் போனாலும் பொருள் மாறி மாறி உசந்துகொண்டே போனது. கெட்ட பொருள் தருகிற மொழி உலகத்திலேயே இல்லை. இருந்தால் கையேட்டில் இடம் கிடையாது.

அவ்வளவுதான், ஊரே விழுந்தது. பிறக்கிற பெண்ணெல்லாம் பனித்துளி. வேகாத வெயிலில் ஸ்டூடியோ வாசலில் வரிசை நின்றது. வெயிலில் வியர்த்து வழிய, பனித்துளிக்கு ஏற்ற கம்பளித் தொப்பியைக் குழந்தைக்கு மாட்டிக்கொண்டு போனார்கள். டீக்காரர் மட்டும், “இந்தப் பேரு உன் அக்காவுதுதானேப்பா? அந்தச் சலவைக்கடைப் பொண்ணு?” என்று என்னைக் கேட்டார்.

“பேசாம இருங்கண்ணே” என்றேன்.

எல்லோரும் வைத்துக்கொண்டால் அரிய பெயருக்கு என்ன மதிப்பு? வியாபாரம் படுத்தது. ஸ்டூடியோ அம்மாள் ஒரு சால்வையைப் போர்த்திக்கொண்டு ‘பனிமலைப் பண்பாட்டுப் பாதுகாப்புப் பேரவை’ ஆரம்பித்தாள். ஒரு தொன்மையான மக்களின் பெயரைக் கண்டவர்களும் எடுத்துக்கொள்வதா என்று மேடையில் குமுறினாள். பேரவையில் பனிமலைக்காரர் ஒருத்தர்கூட இல்லை. கூச்ச சுபாவம் உள்ள மக்களாம், கூட்டத்துக்கு வரமாட்டார்களாம்.

துறை உடனே நடவடிக்கை எடுத்தது. பனிமலைப் பூர்வீகம் உள்ளவர்கள் மட்டுமே அந்தப் பெயரை வைத்துக்கொள்ளலாம். மற்றவர்கள் பேரவையிடம் அனுமதி வாங்க வேண்டும். அச்சில் எழுதுவதானால் பூர்வீகக்காரர்களுக்கும்கூட முன் அனுமதி தேவை. அனுமதிக்கு ஆகும் செலவைப் பற்றி நான் சொல்லவில்லை. அம்மாள் ஸ்டூடியோவுக்கு மேலே இன்னொரு மாடி எடுத்தாள் என்று மட்டும் சொல்கிறேன்.

முதல் நோட்டீஸ் யாருக்கு? வரிசை எண் ஒன்றுக்கு. குழந்தைக்கு அப்போது பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் ஓடி வருகிற வயது. பூர்வீகத்தை நிரூபிக்காவிட்டால் பெயர் ரத்து, இருப்பிலிருந்து பொறுமை.

சின்னக்கா இந்த முறை அழவில்லை. நேரே போய் மேஜைமேல் கையை ஊன்றினாள்.

“சார், உண்மையைச் சொல்லிடறேன். பனிமலையும் இல்ல, மொழியும் இல்ல. எங்க வீட்டுக்காரர் அவசரத்துல அடிச்சு விட்டது. அது எங்க அக்கா பேரு. எங்க அப்பா வாயில வந்த பேரு. என்னை என்ன வேணா பண்ணுங்க, பேரை மட்டும் விட்டுடுங்க.”

வேர்ச்சொல் சார் கதவைச் சாத்தச் சொன்னார்.

“அம்மா, மெதுவா பேசுங்க. துறை சான்று கொடுத்த மொழியை இல்லைன்னு சொல்றது சின்னக் குற்றமில்ல. அதை வச்சுத்தான் எனக்குப் பதவி உயர்வே வந்துது. அப்பா வாயில வந்துதுன்னு சொன்னீங்களே, அப்பா யாரு?”

“தையல்காரர்.”

“குளிருக்குத் துணி தைக்கிற பனிமலைத் தொழில். அக்கா?”

“சலவைக்கடையில துணி தேய்ச்சா.”

“பனி மாதிரி வெள்ளை மேல ஓர் ஈடுபாடு. பூர்வீகம் எங்கே போகும்!” என்று சொல்லிக்கொண்டே எழுதினார். “உங்களை அறியாமலேயே நீங்க பனிமலைக்காரங்கம்மா. இதுல கையெழுத்துப் போட்டா பேரு உங்களுக்கு. உண்மைதான் வேணும்னா பொறுமை. நீங்களே பாருங்க.”

சின்னக்கா என்னைப் பார்த்தாள். நான் கையிலிருந்த நகல்களைப் பார்த்தேன். பெரியக்கா தன் வாழ்க்கையில் பார்த்த பனி, சலவைக்கடை முதலாளி வீட்டு ஐஸ் பெட்டியில் இருந்ததுதான். சின்னக்கா கையெழுத்துப் போட்டாள். வெளியே வந்து, “பேரு நிலைச்சுது, போதும்டா” என்றாள்.

நிலைத்தது, சந்தேகமில்லை. மற்ற வீட்டுக்காரர்களும் தங்களை அறியாமலேயே பனிமலைக்காரர்கள் என்று ஒவ்வொருவராகக் கண்டுகொண்டார்கள். ‘மாமன்னர்களை வென்றவன்’ தவிரத் தெருவே பூர்வீகக் குடி ஆனது. பள்ளிக்கூடத்தில் இரண்டாம் வகுப்புக்குப் பெயர்ப்பொருள் ஒரு பாடமாக வந்தது. அதில் பனிமலைக்கு ஒரு பக்கம், சால்வையோடு அம்மாள் படம். கீழே, ‘இந்தப் பெயரை முதன்முதலில் பெற்றவர் நம் ஊர்ச் சிறுமியே’ என்று ஒரு வரி. பாடப் புத்தகம் அச்சாகி வரத் தாமதமானதால், பள்ளிக்கூடம் அந்தப் பக்கத்தை மட்டும் என் கடையில் நகல் எடுக்கக் கொடுத்திருந்தது.

நேற்று சாயந்திரம் அந்த வேலையில்தான் இருந்தேன். பள்ளி விட்டு சின்னக்காவும் மகளும் கடைக்கு வந்தார்கள். அத்தான் வாசலில் டீ வாங்கிக்கொண்டிருந்தார். என் கடைச் சுவரில் பெரியக்கா படம் ஒன்று இருக்கிறது. தேய்ப்புப் பெட்டியோடு, யாரோ கூப்பிட்டுத் திரும்பினது மாதிரி சிரித்துக்கொண்டு நிற்பாள். புது ஃபிரேம் போட்டுக் கொஞ்சம் கீழே மாட்டியிருந்தேன். பெண் அப்போதுதான் அதைச் சரியாகப் பார்த்தாள்.

“மாமா, இது யாரு?”

சின்னக்கா முந்திக்கொண்டாள். எத்தனை வருஷமாக இந்தக் கேள்விக்குக் காத்திருந்தாளோ, மகளை இழுத்து மடியில் உட்கார வைத்துக்கொண்டாள். “உன் பெரியம்மாடி. என்னையும் மாமாவையும் வளர்த்தவ. அவ பேரைத்தான் உனக்கு வச்சிருக்கோம்.”

“இல்லம்மா. என் பேருக்கு ஏழு மலை, நிலா, முதல் பனித்துளி. வேற எழுதினா மிஸ் தப்பு போட்டுடுவாங்க.”

“அது பாடத்துக்குடி கண்ணு. இது நிஜம். பெரியம்மா பேரும் அதேதான்.” சின்னக்கா அந்தப் பெயரைச் சொன்னாள். இரண்டாம் முறையும் சொன்னாள், மெதுவாக.

பெண் படத்தை ஒரு தரம், அம்மாவை ஒரு தரம் பார்த்தாள். வகுப்பில் முதல் மாணவி. ஒன்றைச் சொன்னால் கப்பென்று பிடித்துக்கொள்வாள்.

“முதல்முதல்ல எனக்குத்தானேம்மா குடுத்தாங்க? அப்ப இவங்க என் பேரையா வச்சுக்கிட்டாங்க?” என்றாள். “அனுமதி வாங்கினாங்களா?”

மகளை அணைத்திருந்த சின்னக்காவின் கை மெல்ல விலகியது. வாசலில் அத்தான் தரையைக் காலால் அழுத்தியபடி நின்றார்.

மிஷினை நிறுத்தினாயா என்று என்னைக் கேட்காதீர்கள். காலையில் பள்ளிக்கூடத்துக்குக் கொடுத்தாக வேண்டும்.